கதவுக்கு அந்தப் பக்கத்துச் சிரிப்பு

என் மாமியார் சிரித்து நான் பார்த்ததில்லை. கேட்டிருக்கிறேன். சாத்திய கதவுக்கு வெளியே, கையில் ஆறிக்கொண்டிருக்கும் காப்பியோடு நின்று, வருடக்கணக்கில் கேட்டிருக்கிறேன். வயிற்றிலிருந்து கிளம்பும் சிரிப்பு அது. பாதி வழியில் மூச்சு முட்டி, கடைசியில் ஒரு விக்கலில் போய் நிற்கும். பிறகு, "போதுன்டி, செத்துருவேன்" என்று ஒரு குரல். அந்தக் குரலும் அவருடையதுதான் என்று நம்ப எனக்குச் சில மாதங்கள் ஆயின.

எருமப்பட்டிப் பக்கம் எங்கள் ஊர். எங்கள் வீட்டுக்கு ஒரு பட்டம் உண்டு. அரசாங்கம் கொடுத்ததல்ல, சட்டத்தில் அதற்கு இடமும் கிடையாது. ஆனாலும் பட்டக்காரர் வடத்தைத் தொட்டுக் கொடுத்த பிறகுதான் எங்கள் மாரியம்மன் தேர் நகரும். சுற்றுப்பக்கம் எந்தக் கல்யாணப் பத்திரிகையும் முதலில் இந்த வீட்டுக்குத்தான் வரும். போலீசுக்குப் போக விரும்பாத வழக்குகளும் வரும். என் மாமனார் பட்டத்துக்கு வந்த மறுவருடமே இறந்துபோனார். மகன் கைக்குழந்தை. 'பையன் பெரியவனாகிற வரைக்கும்' என்று சொல்லி, ஊரார் என் மாமியாரை அந்தத் தேக்கு நாற்காலியில் உட்கார வைத்தார்கள். பையன் பெரியவனானார், என்னைக் கல்யாணம் செய்துகொண்டார், ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் வண்டிகள் வாங்கி வருடத்தில் பாதி நாள் ஆந்திராவிலும் மத்தியப் பிரதேசத்திலும் இருந்தார், தலையும் நரைத்துவிட்டது. அம்மா நாற்காலியிலேயே இருந்தார். எழுந்திருக்கச் சொல்லி யாரும் கேட்கவில்லை. என் கணவருக்கும் கேட்கத் தோன்றியதில்லை.

ஊரே அவரைப் பெரியம்மா என்றது. ஆசாரத்தில், அதாவது வீட்டு முன்கூடத்தில், அவர் உட்கார்ந்திருக்கும்போது அந்த முகத்தில் எதுவும் தெரியாது. கலெக்டர் வந்தாலும் அதே முகம், ஆட்டைத் தொலைத்தவர் வந்தாலும் அதே முகம். அவர் வாயிலிருந்து மூன்றே பேச்சுதான் வரும். "ஆகட்டுங்க." "பாக்கலாங்க." "சாப்டுட்டுப் போங்க." ஒருமுறை கிணற்றுத் தண்ணீர்ப் பங்குக்காக அடித்துக்கொண்ட அண்ணன் தம்பி இருவரும் வந்தார்கள். அரை நாள் இருவர் பேச்சையும் கேட்டுவிட்டு, "பாக்கலாங்க" என்றார். பெரியம்மா நம்ம பக்கம் என்று அண்ணனும் சொல்லிக்கொண்டு போனார், தம்பியும் சொல்லிக்கொண்டு போனார். அடுத்த வாரத்திலிருந்து முறை வைத்துத் தண்ணீர் பாய்ச்சினார்கள்.

நான் வாழப்பாடிக்காரி. எங்கள் பேச்சு வேறு மாதிரி இருக்கும். கல்யாணமாகி வந்த அன்று, வாசலில் ஆரத்தி எடுத்து முடித்ததும் அவர் என்னைப் பார்த்து, "உள்ள வாங்க, உக்காருங்க" என்றார். புதுசு என்பதால் மரியாதை கொடுக்கிறார், நாலு நாளில் 'வா, போ' என்று ஆகிவிடும் என்று நினைத்தேன். ஆகவில்லை. எனக்கு இரண்டு பிள்ளைகள் பிறந்த பிறகும், "சாப்டீங்களா? தூங்குங்க" என்றுதான். இந்தப் பக்கத்து மாமியார்கள் மருமகளைக் கண்ணு என்பார்கள், அம்மிணி என்பார்கள், கோபம் வந்தால் இன்னும் நல்ல வார்த்தையெல்லாம் சொல்வார்கள். என்னை அவர் திட்டியதே இல்லை. கலெக்டரிடம் பேசிய மாதிரியே என்னிடமும் பேசினார்.

அப்படிப்பட்டவர் 'டீ' போட்டுப் பேசியது செல்வியிடம்.

செல்வி இரண்டு தெரு தள்ளி இருந்த தையல்காரி. என் வயதுதான். புருஷன் விட்டுவிட்டுப் போய்விட்டான். உரத்த குரல், தெரு முனையில் ஸ்கூட்டி நிற்கும்போதே அவள் வந்துவிட்டது எங்களுக்குத் தெரிந்துவிடும். நான் வந்து மூன்று வருடம் கழித்து, தேர்நோம்பித் திருவிழாவுக்கு ஜாக்கெட் அளவு எடுக்க வந்தவள் அவள். அன்று அவள் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்ட கொஞ்ச நேரத்தில்தான் முதன்முதலாக அந்தச் சிரிப்பைக் கேட்டேன். அதன்பிறகு ஒரு ஜாக்கெட்டுக்கு நாலு தடவை அளவு எடுக்க வேண்டியிருந்தது.

என்னதான் நடக்கிறது என்று பக்கத்து ஜன்னல் இடுக்கில் ஒருநாள் பார்த்தேன். என் மாமியார் எனக்கு முதுகு காட்டி நின்றிருந்தார். சேலைத் தலைப்பை மடித்துத் துண்டு மாதிரி தோளில் போட்டிருந்தார். இரண்டு கையையும் பின்னால் கட்டி, வயிற்றை முன்னே தள்ளி, நாலு அடி நடந்து, நின்று, தொண்டையைச் செருமி, "அது வந்து பாத்தீங்கன்னா அண்ணி…" என்றார். என் சின்ன மாமனார். மாமனாரின் தம்பி, நாலைந்து கோழிப்பண்ணைக்குச் சொந்தக்காரர், ஊரில் பெரிய மனிதர். குரல் கூட அவருடையதாகவே இருந்தது. செல்வி தரையில் உட்கார்ந்து வாயைப் பொத்திக்கொண்டு புரண்டாள். "இன்னொருக்கா, ம்மா. அந்தக் கோழிக்கு ஊசி போடறத செய்யி."

'செய்யி' என்றாள். பெரியம்மாவை.

அன்றிலிருந்து எனக்குப் புரிந்தது. ஆசாரத்தில் அசையாமல் உட்கார்ந்திருந்த நேரமெல்லாம் அவர் ஒவ்வொருவரையும் அணு அணுவாகப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார். பூசாரி, பால்காரர், ஓட்டு கேட்க வந்தவர், டிவியில் செய்தி படிக்கிற பெண், தொழுவத்தில் தவிடு போதாமல் முறைக்கும் எருமை, எல்லோரும் அந்த அறைக்குள் இருந்தார்கள். காப்பியோடு கதவைத் தட்டிக்கொண்டு நான் உள்ளே போனால், கரண்டு போன மாதிரி எல்லாம் நின்றுவிடும். "வாங்க. அங்க வெச்சுட்டுப் போங்க." செல்வி எழுந்து நூலைத் தேடுவாள்.

எனக்குப் பொறாமை. வேறு பெயர் சொல்லி அதை அழகாக்க நான் விரும்பவில்லை. படுத்தால் தூக்கம் வராத பொறாமை. நான் பாலைக் காய்ச்சினேன், அவருக்கு மாத்திரை எடுத்துக் கொடுத்தேன், இடுப்பு பிடித்துக்கொண்டால் தைலம் தேய்த்தேன். எதுவும் செய்யாதவளுக்கு அந்தச் சிரிப்பு. கணவரிடம் ஒருமுறை போனில் சொல்லிப் பார்த்தேன். "எங்கம்மாவா? சிரிக்கறாங்களா?" என்று கேட்டார். பிறகு, வண்டி டீசல் போட நிற்கிறது என்று சொல்லி வைத்துவிட்டார்.

செல்வி வருவதற்கு ஜாக்கெட்தானே காரணம் என்று நான் தையல் கற்றுக்கொண்டேன். நாமக்கல்லில் வகுப்புக்குப் போய், மெஷின் வாங்கி, அந்த வருடத் தேர்நோம்பிக்கு நானே அவருக்கு ஒரு ஜாக்கெட் தைத்தேன். போட்டுப் பார்த்து, "நல்லா இருக்குதுங்க" என்றார். அதே முகம். தேர் நாளில் அதைப் போட்டுக்கொண்டு கோயில் வாசலில் உட்கார்ந்தார். வருகிறவர்களுக்குக் கையைத் தூக்கி ஆசீர்வாதம் செய்ய வேண்டும். கை நெஞ்சு வரைக்கும்தான் வந்தது. அக்குளில் அப்படிப் பிடித்திருக்கிறது. மாலை வரை அவர் முகம் ஒருமுறை கூடச் சுளிக்கவில்லை. ஆனால் ஊருக்குள் பேச்சு கிளம்பிவிட்டது. "பெரியம்மா இந்த வருசம் கைய முழுசாத் தூக்கலியே. மழ இருக்காதாட்ட இருக்குது."

அடுத்த வாரம் அதைத் துவைக்க எடுத்தபோது பார்த்தேன். அக்குள் பக்கம் என் தையலைப் பிரித்து, இரண்டு துண்டு துணி வைத்து, சீரான தையல் போட்டிருந்தது. என்னிடம் ஒரு வார்த்தை சொல்லாமல் செல்வியிடம் கொடுத்துச் சரிசெய்து வாங்கியிருக்கிறார். மறுநாள் செல்வியை வாசலிலேயே நிறுத்திக் கேட்டேன்.

"உள்ள என்னைப் பத்தி என்ன சொல்லிச் சிரிச்சீங்க?"

"உங்களயா? ஒண்ணுஞ் சொல்லலீங்க சின்னம்மா."

"பொய் சொல்லாத. என்னை மாதிரி செஞ்சு காட்டியிருப்பாங்க."

"சத்தியமா இல்லீங்க. கை மேல வரலீன்னதும் பூசாரி முழிச்சாரு பாருங்க, அத மட்டுந்தான் செஞ்சாங்க. உங்கள ஒருநாளும் செஞ்சதே இல்லீங்க."

அவள் எனக்கு ஆறுதலாகத்தான் சொன்னாள். எனக்கு அது செருப்படி. எருமையைக்கூடச் செய்கிறவர் என்னைச் செய்ததில்லை. ஒரே கூரையின் கீழே இத்தனை வருடம் இருந்தும் செய்து காட்டுகிற அளவுக்கு என்னிடம் ஒன்றுமே அவர் கண்ணில் படவில்லையா?

இந்த நிலையில்தான் செல்வியின் வாய் அவளை மாட்டிவிட்டது. ரேஷன் கடை வரிசையில் நின்றபோது யாரோ சின்ன மாமனாரைப் பற்றி ஏதோ சொல்ல, இவள் யோசிக்காமல் கையைப் பின்னால் கட்டி நாலு அடி நடந்து, தொண்டையைச் செருமிக் காட்டியிருக்கிறாள். வரிசையே சிரித்திருக்கிறது. அவருடைய கோழிப்பண்ணையில் வேலை செய்கிற ஒருவரும் அந்த வரிசையில் இருந்திருக்கிறார். மறுநாள் காலை சின்ன மாமனார் பங்காளிகளைக் கூட்டிக்கொண்டு வந்து ஆசாரத்தில் உட்கார்ந்துவிட்டார். செல்வியையும் கூப்பிட்டு நிறுத்தியிருந்தார்கள். நான் சமையலறை நிலைப்படியில் நின்றேன்.

"அது வந்து பாத்தீங்கன்னா அண்ணி," என்று அவர் தொண்டையைச் செருமியதும் எனக்கே உதட்டைக் கடித்துக்கொள்ள வேண்டியதாகிவிட்டது. "இந்தப் பொம்பள நம்ம ஊட்டு ஆளுங்கள நக்கல் பண்ணி நடந்து காட்டுறா. இவளுக்கு இத ஆரோ கத்துக் குடுத்திருக்காங்க. இந்த ஊட்டுக்குள்ள வந்து போறவ. இங்க ஆரு கத்துக் குடுத்தாங்கன்னு எனக்குத் தெரிஞ்சாகோணும்."

கேள்வி செல்வியை நோக்கி இல்லை. எல்லோருக்கும் அது தெரிந்தது. நாற்பது வருடத்துக்கு மேல் யாருக்கும் பக்கம் சாயாத முகம் என்று நம்பித்தான் அவர்கள் அத்தனை வழக்கையும் அங்கே கொண்டுவந்தார்கள். அந்த முகம் உள்ளே போய்த் தங்களையே செய்து சிரிக்கிறது என்று தெரிந்தால், பிறகு அந்த நாற்காலி வெறும் நாற்காலி.

செல்வி தரையைப் பார்த்தபடி சொன்னாள். "ஆரும் கத்துக் குடுக்கலீங்க. எனக்கா வந்துதுங்க. என்ற வாயிதானுங்க எனக்குச் சத்துரு."

என் மாமியார் அவளைப் பார்த்தார். கிணற்றுத் தண்ணீர் அண்ணன் தம்பியைப் பார்த்த அதே பார்வை.

"அவங்க இனிமேட்டு இந்த ஊட்டுப் படி ஏற வேண்டாங்க" என்றார். கொஞ்சம் விட்டு, "எல்லாரும் சாப்டுட்டுப் போங்க."

'அவங்க.' செல்வி கும்பிட்டுவிட்டுப் போனாள். அந்த மாதக் கடைசியில் வீட்டைக் காலி செய்துகொண்டு சேலத்தில் அக்காவிடம் போய்விட்டதாகச் சொன்னார்கள்.

அன்று பந்தி பரிமாறும்போது எனக்குக் கை லேசாக இருந்தது. அதை மறைக்க முடியாது. இனி அந்த அறையில் நான்தான் என்று நினைத்தேன். சாத்தியே இருந்த கதவு மறுநாளிலிருந்து திறந்தே கிடந்தது. யார் வேண்டுமானாலும் போகலாம், வரலாம். உள்ளே அவர் கட்டிலில், ஆசாரத்து முகத்தோடேயே உட்கார்ந்திருந்தார். டிவி போட்டால் பார்ப்பார். அணைத்தால் சும்மா இருப்பார். சாதம் ஒரு கரண்டியாகக் குறைந்தது. நாமக்கல் டாக்டர் எல்லா டெஸ்டும் எடுத்துப் பார்த்துவிட்டு, நோய் ஒன்றுமில்லை என்றார்.

ஒருநாள் மத்தியானம் நானே துணிந்தேன். கதவைச் சாத்தினேன். முந்தானையைத் தோளில் மடித்துப் போட்டு, கையைப் பின்னால் கட்டி, வயிற்றைத் தள்ளி, அவர் கட்டிலுக்கு முன்னால் நாலு அடி நடந்தேன். செருமினேன். "அது வந்து பாத்தீங்கன்னா அண்ணி" என்றேன். என் வாழப்பாடி வாயில் அது என்னமோ மாதிரி வந்தது. அவர் என்னைக் கடைசி வரை கவனமாகப் பார்த்தார்.

"உக்காருங்க," என்றார். "கால் வலிக்கப் போவுது."

அந்த வெட்கம் வடிய எனக்கு ஒரு வாரமாயிற்று. வடிந்த பிறகு ஒன்று தெரிந்தது. அந்தச் சிரிப்பு என்னோடு இருக்க வேண்டும் என்று ஆசைப்பட்டது போக, அதைக் கேட்காமல் இருக்க முடியவில்லை என்பதும் இருந்தது. வெளியே நின்றாவது கேட்டுப் பழகிவிட்டது. இப்போது அதுவும் இல்லை.

செல்விக்கு நூலும் பட்டனும் கொடுத்துக்கொண்டிருந்த கடையில் விசாரித்து, அவள் அம்மாபேட்டையில் இருக்கும் வீட்டைத் தெரிந்துகொண்டேன். மாமியாரிடம் போய், "அத்தை, சேலத்துல கண்ணைக் காட்டிட்டு வரலாம்" என்றேன்.

"கண்ணு நல்லாத்தானே இருக்குதுங்க."

"அம்மாபேட்டைப் பக்கம் ஒரு டாக்டர் இருக்காராம்."

அம்மாபேட்டை என்றதும் என்னை ஒரு கணம் பார்த்தார். "ஆகட்டுங்க" என்றார். நான் சாவியை எடுத்து வருவதற்குள் சேலை மாற்றி நின்றார். டிரைவர் வேண்டாம் என்று நானே காரை ஓட்டினேன். ராசிபுரம் தாண்டும்போது கணவர் போன் செய்தார். வண்டியை ஓரம் நிறுத்தி, மாமியார் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும்போதே பொய் சொன்னேன். அவர் ஜன்னல் வழியாக மரவள்ளிக் காட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

செல்வி இருந்தது ஒரு மாடி. வெளியில் குறுகலான படி, பக்கத்து வீடுகளில் தறிச் சத்தம். கதவைத் திறந்தவள் எங்களைப் பார்த்ததும் வாயைப் பொத்திக்கொண்டாள். "உள்ள வாங்க சின்னம்மா" என்று என்னையும்தான் கூப்பிட்டாள்.

"அவங்க காத்தாட இங்கியே இருக்கட்டும்" என்றார் என் மாமியார். கதவு சாத்திக்கொண்டது.

நாற்பது மைல் ஓட்டிக்கொண்டு வந்தவள் நான். படியில் உட்கார்ந்தேன். வயிறு எரிந்தது. உள்ளே பாய் விரிக்கும் சத்தம் கேட்டது. பிறகு, "ஏன்டி கழுத, இப்பிடி எளச்சுப் போயிட்ட?" என்று கேட்டது. மூக்கு உறிஞ்சும் சத்தம். கொஞ்ச நேரம் ஊர்க் கதை. அப்புறம் திடீரென்று என் குரல் கேட்டது.

"அது என்னான்னாங்க… அத்தைக்குக் கண்ணு லேசா மங்கலா தெரியுதாம்… ஆமாங்க… பெரிய டாக்டராம்… அது என்னான்னா, நான்தான் போலாம்னு சொன்னேன்…"

என் வாழப்பாடிப் பேச்சு, அட்சரம் பிசகாமல். பொய் சொல்லும்போது ஒவ்வொரு வாக்கியத்தையும் 'அது என்னான்னா' என்று ஆரம்பிக்கிறேன் என்பதை அன்றுதான் தெரிந்துகொண்டேன். செல்வி விழுந்து விழுந்து சிரித்தாள். "சின்னம்மாவேதான் ம்மா. ஏன் இத்தன நாளா செய்யல நீ?"

பிறகு அந்தச் சிரிப்பு வந்தது. வயிற்றிலிருந்து கிளம்பி, மூச்சு முட்டி, விக்கலில் நின்றது.

"அவள எப்பிடிடி செய்யறது? எப்பப் பாத்தாலும் கதவுக்கு வெளிய நிப்பா. கேட்டுப்போடுவா" என்றார் என் மாமியார். "நீ வந்த நாள்லருந்து நிக்கறா. கதவுக்கடீல நெழல் உழுவுதுன்னு அவளுக்குத் தெரியாது."

"பாவம். உள்ள கூப்புட்டா என்ன ம்மா?"

"கூப்புட்டா வெளிய ஆரு நிக்கறது? அவ நிக்கறான்னுதான்டி நா தைரியமாச் சிரிச்சேன். அவளத் தாண்டி ஒருத்தரும் வர மாட்டாங்க."

அவ. அவள. நான் படியில் உட்கார்ந்து அதை மறுபடி மறுபடி சொல்லிப் பார்த்துக்கொண்டேன். திரும்பி வரும்போது காரில், "மெதுவாப் போங்க" என்று மட்டும் சொன்னார். முகத்தில் ஒன்றுமில்லை. அன்று இரண்டு கரண்டி சாதம் சாப்பிட்டார்.

அதற்குப் பிறகு மாதம் ஒருமுறை கண் காட்டப் போனோம். நான் படியில் உட்கார்ந்தேன். உள்ளே போக நான் கேட்கவில்லை, அவரும் கூப்பிடவில்லை. அவருக்குக் காவல் நிற்கிறேன் என்று சொல்லிக்கொண்டேன். அப்படிச் சொல்லிக்கொண்டாலும் ஒவ்வொரு மாதமும் வயிறு எரியத்தான் செய்தது.

போன ஐப்பசியில் தூக்கத்திலேயே போய்விட்டார். கணவருக்குச் சொன்னேன், அடுத்து செல்விக்குத்தான் சொன்னேன். அவள் வரும்போது ஆசாரம் நிறைந்திருந்தது. சின்ன மாமனார் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தார். படி ஏறக் கூடாது என்று சொல்லப்பட்டவள் படி ஏறி நேராகப் போய் என் மாமியார் பக்கத்தில் உட்கார்ந்து, கையைப் பிடித்துக்கொண்டாள்.

"ஏன் ம்மா, சொல்லாமக் கொள்ளாமப் போயிட்ட? வெள்ளிக்கெழம வாரேன்னியே. நா பாத்துட்டே இருந்தேனே. நீ பாட்டுக்குப் போயிட்டா நா ஆருகிட்டப் பேசறது?"

ஒப்பாரியில் எல்லோரும் நீ என்றுதான் சொல்வார்கள். இது ஒப்பாரி இல்லை, பேச்சு. பாதியில் எழுந்து போனவரிடம் கோபித்துக்கொள்ளும் பேச்சு. சின்ன மாமனார் பாதி எழுந்தார்.

"உக்காருங்க மாமா," என்றேன். "அவ பேசட்டும்."

உட்கார்ந்துவிட்டார். செல்வி பேசிக்கொண்டே இருந்தாள், அழுதுகொண்டே இருந்தாள். அதைப் பார்க்கப் பார்க்க எனக்கு அவள் அழுகையின் மேலும் பொறாமை வந்தது. என் மேல் நூறு பேர் கண். வருகிறவர்களைக் கும்பிட வேண்டும், மாலையை வாங்கி வைக்க வேண்டும்.

எடுக்கும் நேரம் நெருங்கியதும் வீட்டுப் பெண்களைக் கூப்பிட்டார்கள். வாய்க்கரிசி போடக் குனிந்தேன். மிகப் பக்கத்தில் அந்த முகம். யாருக்கும் கேட்காது. ஒரே ஒரு தடவை, செல்வி மாதிரி, போயிட்டியே என்று சொல்லிவிட வேண்டும் என்று வாயைத் திறந்தேன்.

"போயிட்டு வாங்க அத்தை" என்றுதான் வந்தது.